மகுடம் யாருக்கு என்று யார் சொல்வது?

கேள்வி: ஐயா, 2022 செப்டம்பரில் எலிசபெத் ராணி மறைந்த அந்த நிமிடமே சார்லஸ் மன்னராகிவிட்டார் என்றார்கள். முடிசூட்டு விழாவோ அடுத்த ஆண்டு மே மாதம்தான் நடந்தது. 2024 ஜனவரியில் டென்மார்க் ராணி மார்கரேதே, உயிரோடு இருக்கும்போதே மகனிடம் பட்டத்தைக் கொடுத்துவிட்டு விலகினார். 2025 அக்டோபரில் லக்சம்பர்க்கிலும் தந்தை விலகி மகன் வந்தார். அரச பட்டம் ரத்தத்தில் வருவதுதானே? அதற்கு நாட்டுக்கு நாடு இத்தனை முறைகள் எதற்கு?

பதில்: ரத்தம் ஒருவரை வரிசையில் நிற்க வைக்கும், அவ்வளவுதான். வரிசை எங்கே தொடங்குகிறது, யார் முன்னால் நிற்கலாம், யார் விலக வேண்டும் என்பதையெல்லாம் சட்டம் சொல்லும். ஐரோப்பாவில் அந்தச் சட்டங்கள் பெரும்பாலும் ஏதாவது ஒரு வாரிசுச் சண்டைக்குப் பிறகு, அல்லது சண்டை வந்துவிடுமோ என்ற பயத்தில் எழுதப்பட்டவை. ஒவ்வொரு நாடும் ஒவ்வொரு விதமாக அடிபட்டதால் விதிகளும் ஒன்றுபோல் இல்லை.

நீங்கள் சொன்னவற்றையே எடுத்துக்கொள்வோம். இங்கிலாந்தில் முடிசூடிய நாளில்தான் ஆட்சி தொடங்கும் என்பது பழைய வழக்கம். மன்னர் இறந்த நாளுக்கும் முடிசூட்டு நாளுக்கும் நடுவில் யார் வேண்டுமானாலும் படை திரட்டலாம் என்ற ஆபத்து அதில் இருந்தது. 1272இல் மூன்றாம் ஹென்றி இறந்தபோது மகன் எட்வர்ட் சிலுவைப் போருக்குப் போயிருந்தார். பிரபுக்கள் காத்திருக்காமல் அவருக்கே விசுவாசப் பிரமாணம் செய்துவிட்டார்கள். அவர் ஊர் திரும்பி முடிசூடியது 1274இல். அந்த வழக்கம் வளர்ந்துதான், அரியணை ஒரு கணமும் காலியாக இருக்காது என்ற இன்றைய விதி ஆனது.

பெல்ஜியத்தில் இதற்கு நேர்மாறு. அங்கே நாடாளுமன்றத்தின் முன் அரசியலமைப்புச் சட்டத்தின் மேல் உறுதிமொழி எடுக்கும் வரை யாரும் மன்னர் இல்லை. 1993 ஜூலை 31 அன்று போதுவான் மன்னர் இறந்தார். தம்பி ஆல்பர்ட் உறுதிமொழி எடுத்தது ஆகஸ்ட் 9 அன்று. இடைப்பட்ட நாட்களில் அந்த நாட்டுக்கு மன்னரே கிடையாது. அவருடைய அதிகாரம் அமைச்சரவையிடம் இருந்தது.

பதவி விலகலிலும் இதே வேறுபாடு. நெதர்லாந்தில் வில்ஹெல்மினா 1948இல், யூலியானா 1980இல், பேயாட்ரிக்ஸ் 2013இல் என்று மூன்று ராணிகள் தொடர்ந்து விலகியதால் அது அங்கே ஓய்வுபெறுவதுபோல் இயல்பாகிவிட்டது. லக்சம்பர்க்கிலும் 1964, 2000, 2025 எனத் தொடர்ந்து மூன்று முறை நடந்திருக்கிறது. டென்மார்க்கில் ஏறத்தாழ 900 ஆண்டுகளில் இப்படி விலகியவர் மார்கரேதே ஒருவர்தான். பட்டத்துக்கு வந்து சரியாக 52 ஆண்டுகள் முடிந்த நாளில், அரசவையில் ஒரு கையெழுத்துப் போட்டு அவர் விலகினார். பிரிட்டனில் கையெழுத்து மட்டும் போதாது. 1936 டிசம்பரில் எட்டாம் எட்வர்ட் விலகியபோது, அதற்கென நாடாளுமன்றம் தனிச் சட்டம் இயற்ற வேண்டியிருந்தது. வருவதற்கும் போவதற்கும் அங்கே சட்டம் வேண்டும்.

கேள்வி: பெண்ணுக்குப் பட்டம் கிடையாது என்பதை 'சாலிக் சட்டம்' என்கிறார்கள். அது எப்போது வந்தது?

பதில்: முதலில் விதி வந்தது, அதற்கான காரணத்தைப் பழைய ஏட்டில் தேடிப் பிடித்தது வெகுநாள் கழித்து.

பிரான்ஸில் 987இல் யூக் காப்பே அரசரானதிலிருந்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் தந்தைக்குப் பின் மகன் என்று இடைவெளியில்லாமல் வந்துகொண்டிருந்தது. அதனால் மகளுக்கு உரிமை உண்டா என்று யாரும் கேட்கவே தேவைப்படவில்லை. 1316 ஜூனில் பத்தாம் லூயி இறந்தார். அவருக்கு ஜோன் என்ற நான்கு வயது மகள். ராணி அப்போது கர்ப்பிணி. நவம்பரில் பிறந்த ஆண் குழந்தை முதலாம் ஜான் என்ற பெயரோடு ஐந்தே நாள் உயிரோடு இருந்தது. அதுவரை நாட்டைப் பார்த்துக்கொண்டிருந்த சித்தப்பா பிலிப், 1317 ஜனவரியில் ரேம்ஸ் நகரில் தானே முடிசூடிக்கொண்டார். அடுத்த மாதம் பாரிஸில் ஓர் அவையைக் கூட்டி, பிரான்ஸின் அரியணைக்குப் பெண் வர முடியாது என்று சொல்ல வைத்தார்.

ஐந்து ஆண்டு கழித்து பிலிப்பும் இறந்தார். அவருக்கு எஞ்சியிருந்ததும் மகள்களே. அண்ணன் மகளை விலக்க அவர் போட்ட விதி அவருடைய சொந்த மகள்களை வெளியே நிறுத்தியது. தம்பி சார்ல்ஸ் அரசரானார். 1328இல் அவரும் ஆண் வாரிசில்லாமல் இறந்தார். இப்போது இரண்டு பேர் நின்றார்கள். ஒருவர் இறந்தவரின் சகோதரி மகன், இங்கிலாந்து அரசர் மூன்றாம் எட்வர்ட். மற்றவர் சித்தப்பா மகன், வலுவா பிலிப். பிரெஞ்சுப் பிரபுக்கள் மருமகனை விட்டுப் பங்காளியை எடுத்தார்கள். பெண் அரசாள முடியாது என்பதோடு, பெண் வழியாக உரிமை இறங்கவும் முடியாது என்றார்கள். எட்வர்ட் இதை ஏற்கவில்லை. 1337இல் மூண்டு 1453 வரை நீடித்த நூற்றாண்டுப் போருக்கு இது ஒரு முக்கியமான காரணம்.

சாலிக் சட்டம் என்பது பண்டைய பிராங்கு இனத்தாரின் சட்டத் தொகுப்பு. குறிப்பிட்ட வகை நிலம் பெண்ணுக்குப் போகாது என்று அதில் ஒரு விதி உண்டு. அரியணையைப் பற்றி ஒன்றும் இல்லை. போர் நடந்துகொண்டிருந்த காலத்தில் பிரெஞ்சு அறிஞர்கள் அதைத் தூசி தட்டி எடுத்துத் தங்கள் வாதத்துக்கு ஆதாரமாக்கிக்கொண்டார்கள். பிறகு அது ஜெர்மானிய அரசுகள் பலவற்றுக்கும் பரவியது.

அதன் விளைவு ஒன்று 1837இல் தெரிந்தது. 1714 முதல் பிரிட்டனையும் ஜெர்மனியிலிருந்த ஹனோவரையும் ஒரே அரசர் ஆண்டுவந்தார். நான்காம் வில்லியம் இறந்ததும் தம்பி மகளான விக்டோரியா பிரிட்டனின் ராணியானார். ஹனோவரிலோ, ஆண் வழியில் ஒருவர் மிச்சமிருக்கும் வரை பெண்ணுக்கு இடமில்லை. அந்த மகுடம் அவருடைய சித்தப்பா எர்னெஸ்ட் அகஸ்டஸுக்குப் போனது. ஒரே ஆள் இறந்து, ஒரே குடும்பத்துக்குள், இரண்டு சட்டங்களால் இரண்டு அரசுகளும் பிரிந்தன.

இதே விக்டோரியா அரியணையில் இருந்தபோது, 1855இல், தஞ்சை மராட்டிய அரசர் சிவாஜி மகனில்லாமல் இறந்தார். மகள்கள் இருந்தார்கள். கிழக்கிந்தியக் கம்பெனி அவர்களுடைய உரிமையை ஏற்காமல் அரச பட்டத்தையே ஒழித்துவிட்டது. அரசரின் மனைவி காமாட்சிபாய் தொடுத்த வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. 1859இல் அது, இது அரசின் செயல், நீதிமன்றம் தலையிட முடியாது என்று சொல்லிவிட்டது. பெண் ஒருவரை ராணியாக வைத்திருந்த நாடு தஞ்சையில் மகளை வாரிசாக எண்ணவில்லை. எந்த விதியைப் பேசுவது என்பதை வலுவுள்ளவரே முடிவு செய்தார்.

கேள்வி: பிரிட்டிஷ் அரச குடும்பத்தின் வேர் ஜெர்மனி என்கிறார்களே. ஜெர்மானியர் எப்படி இங்கிலாந்துக்கு அரசரானார்?

பதில்: நாடாளுமன்றம் தேடிப் பிடித்து உட்கார வைத்தது.

இரண்டாம் ஜேம்ஸ் கத்தோலிக்கர். 1688இல் அவருக்கு ஆண் குழந்தை பிறந்ததும், கத்தோலிக்க அரசர் பரம்பரை தொடர்ந்துவிடும் என்று புராட்டஸ்டன்ட் பிரபுக்கள் பயந்தார்கள். ஜேம்ஸின் மருமகன், ஹாலந்தின் வில்லியமை அழைத்தார்கள். அவர் படையோடு வந்தார். ஜேம்ஸ் பிரான்ஸுக்குத் தப்பினார். அடுத்த ஆண்டு வில்லியமும் மனைவி மேரியும் சேர்ந்து ஆட்சிக்கு வந்தார்கள். அவர்களுக்குக் குழந்தை இல்லை. அடுத்து வர வேண்டியவர் மேரியின் தங்கை ஆன். பதினேழு முறை கருவுற்றும், குழந்தைப் பருவம் தாண்டி வளர்ந்தது ஒரு மகன் மட்டுமே. அந்தப் பையனும் 1700இல் பதினோரு வயதில் இறந்துபோனான்.

மறு ஆண்டே நாடாளுமன்றம் வாரிசு நிர்ணயச் சட்டத்தை நிறைவேற்றியது. கத்தோலிக்கரும் கத்தோலிக்கரை மணந்தவரும் அரியணைக்கு வர முடியாது; ஆனுக்குப் பிறகு பட்டம் ஹனோவரில் வாழும் சோஃபியாவுக்கும் அவருடைய புராட்டஸ்டன்ட் சந்ததிக்கும் போகும் என்றது. சோஃபியா முதலாம் ஜேம்ஸின் பேத்தி. ரத்த நெருக்கத்தில் அவருக்கு முன்னால் ஐம்பதுக்கும் மேற்பட்டவர்கள் இருந்தார்கள். அத்தனை பேரும் கத்தோலிக்கர்கள் என்பதால் கழிந்தார்கள்.

1714 ஜூன் 8 அன்று, 83 வயதில், சோஃபியா இறந்தார். ஆன் இறந்தது ஆகஸ்ட் 1. சில வாரம் கூடுதலாக வாழ்ந்திருந்தால் சோஃபியா ராணியாகியிருப்பார். மகன் ஜார்ஜ், சரளமாக ஆங்கிலம் பேச வராத நிலையில், லண்டனுக்கு வந்து முதலாம் ஜார்ஜ் ஆனார். விரட்டப்பட்ட ஜேம்ஸின் மகனும் பேரனும் உரிமை கேட்டுப் போராடிப் பார்த்தார்கள். 1746இல் ஸ்காட்லாந்தின் கல்லோடனில் அந்தப் போராட்டம் நசுங்கியது.

இன்றைய சார்லஸ் மன்னரின் உரிமை இந்த 1701ஆம் ஆண்டுச் சட்டத்திலிருந்துதான் வருகிறது. சோஃபியாவின் சந்ததி என்பதே அவருடைய தகுதி.

கேள்வி: காதலித்து மணந்ததற்காகப் பட்டத்தை இழந்தவர் எட்டாம் எட்வர்ட் மட்டும்தானா?

பதில்: அவர் பெயர் பெற்றவர், அவ்வளவுதான். மணம் பட்டத்தைப் பறித்த கதைகள் நிறைய.

ஜெர்மானிய, ஆஸ்திரிய அரச குடும்பங்களில் 'சம அந்தஸ்து' என்ற விதி இருந்தது. ஆளும் குடும்பத்திலோ அதற்கு நிகரான குடும்பத்திலோதான் பெண் எடுக்க வேண்டும். தவறினால் மணம் செல்லும், ஆனால் மனைவிக்குக் கணவனின் அந்தஸ்து இல்லை, பிள்ளைகளுக்கு வாரிசுரிமை இல்லை. ஆஸ்திரியாவின் பட்டத்து இளவரசர் ஃபிரான்ஸ் ஃபெர்டினாண்ட் காதலித்த சோஃபி ஷோடெக், பொஹீமியாவின் பிரபுக் குடும்பத்துப் பெண். ஓர் அரச குடும்பத்துச் சீமாட்டியிடம் தோழியாகப் பணிபுரிந்தவர். பேரரசர் ஃபிரான்ஸ் யோசஃப் முதலில் மறுத்து, பிறகு ஒரு நிபந்தனையோடு இணங்கினார். தமக்குப் பிறக்கும் பிள்ளைகள் அரியணைக்கு உரியவர்கள் அல்ல என்று 1900 ஜூன் 28 அன்று இளவரசர் சத்தியம் செய்து கொடுத்தார். அதற்குப் பிறகும் அரண்மனை விருந்துகளில் சோஃபி கணவருக்குப் பக்கத்தில் நடக்க முடியாது; வரிசையில் இளவரசிகள் எல்லோருக்கும் பின்னால்தான் அவர் இடம். சரியாகப் பதினான்கு ஆண்டுகள் கழித்து, 1914 ஜூன் 28 அன்று, சராயேவோவில் இருவரும் ஒரே காரில் பக்கத்தில் பக்கத்தில் அமர்ந்து போனபோது சுட்டுக் கொல்லப்பட்டார்கள். வியன்னாவில் அரச குடும்பத்துக் கல்லறையில் சோஃபிக்கு இடம் கிடைக்காது என்று தெரிந்தே, இளவரசர் தம் ஆர்ட்ஷ்டெட்டன் மாளிகையில் முன்கூட்டி ஒரு கல்லறை கட்டியிருந்தார். இருவரும் அங்கேதான் இருக்கிறார்கள்.

இதே விதியால் ஒதுக்கப்பட்ட ஒரு கிளை நம் வரலாற்றில் நுழைந்தது. ஹெஸ்ஸே இளவரசர் அலெக்சாண்டர் 1851இல் அந்தஸ்து குறைந்த யூலியா ஹௌக்கேயை மணந்தார். அவர்களுடைய பிள்ளைகளுக்குத் தந்தையின் பட்டம் கிடைக்கவில்லை. பாட்டன்பர்க் என்ற புதுப் பெயர் கொடுத்தார்கள். முதல் உலகப் போரின்போது, 1917இல், பிரிட்டனில் இருந்த அந்தக் குடும்பம் ஜெர்மன் வாடை வேண்டாம் என்று பெயரை ஆங்கிலப்படுத்தியது. அதுதான் மவுண்ட்பேட்டன்.

நெதர்லாந்தில் இன்று அந்தஸ்து விதி கிடையாது. நாடாளுமன்ற ஒப்புதல் விதி உண்டு. 2003இல் இளவரசர் ஃப்ரிசோவின் மணத்துக்கு ஒப்புதல் கேட்க அரசு மறுத்தது. அவர் அடுத்த ஆண்டு மணம் செய்துகொண்டு வரிசையிலிருந்து வெளியேறினார்.

நம் பக்கத்தில் புதுக்கோட்டையை நினைத்துப் பாருங்கள். மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் 1915இல் ஆஸ்திரேலியப் பெண் மாலி ஃபிங்கை மணந்தார். பிறந்த மகனை வாரிசாகப் பிரிட்டிஷ் அரசு ஏற்கவில்லை. 1928இல் அரசர் பாரிஸில் இறந்ததும் பட்டம் குடும்பத்தின் வேறு கிளையைச் சேர்ந்த சிறுவன் ராஜகோபாலத் தொண்டைமானுக்குப் போனது.

கேள்வி: 'டவுன்டன் ஆபி' தொடரில் மூன்று மகள்கள் இருந்தும் மாளிகையும் நிலமும் தூரத்து உறவுக்காரருக்குப் போகின்றன. பிரபுக் குடும்பங்களில் உண்மையிலேயே அப்படித்தானா?

பதில்: அப்படித்தான். காரணம் நிலம். பிள்ளைகளுக்குப் பங்கு பிரித்துக் கொடுத்தால் மூன்று தலைமுறையில் ஜமீன் துண்டு துண்டாகிவிடும் என்று இங்கிலாந்தின் பிரபுக்கள் அஞ்சினார்கள். பட்டம், மாளிகை, நிலம் மூன்றும் மூத்த மகனுக்கு. இளையவர்கள் படைக்கோ, தேவாலயத்துக்கோ, வழக்கறிஞர் தொழிலுக்கோ போக வேண்டியதுதான். மூத்தவரும் முழு உரிமையாளர் அல்ல. விற்க முடியாதபடி, பிரிக்க முடியாதபடி, பேரன் வரைக்கும் கட்டிப்போடும் பத்திரங்களை எழுதி வைத்தார்கள். 1882இல்தான், ஆயுள் உரிமையோடு அனுபவித்து வருபவரும் அந்த நிலத்தை விற்கலாம் என்று சட்டம் வந்தது.

ஜெர்மனியில் பல குடும்பங்கள் வெகுகாலம் எல்லா மகன்களுக்கும் பிரித்துக் கொடுத்தன. விளைவாகக் கைக்குட்டை அளவு அரசுகள் முளைத்தன. அவற்றில் ராய்ஸ் என்ற குடும்பத்தில் பிறக்கும் ஆண்கள் எல்லோருக்கும் ஹைன்ரிக் என்றே பெயர். எண் மட்டும் மாறும். பிரான்ஸில் நெப்போலியனின் 1804ஆம் ஆண்டுச் சட்டத்தொகுப்பு மகன், மகள் வேறுபாடின்றிச் சமபங்கு என்றது.

இங்கிலாந்திலும் மன்னர் மனம் வைத்தால் விதி வளையும். ப்ளென்ஹைம் போரில் வென்ற முதலாம் மார்ல்பரோ டியூக்கின் மகன் இளம் வயதிலேயே இறந்துவிட்டார். எனவே மகள் வழியிலும் பட்டம் போகலாம் என்று 1706இல் தனிச் சட்டமே போட்டார்கள். 1722இல் மூத்த மகள் ஹென்ரியேட்டா டச்சஸ் ஆனார். அவருக்குப் பின் தங்கை மகன் சார்ல்ஸ் ஸ்பென்சர். வின்ஸ்டன் சர்ச்சில் அந்த வழி. டயானா, அதே சார்ல்ஸின் தம்பி வழி. நம் கடைசி வைஸ்ராய் மவுண்ட்பேட்டனுக்கும் இரண்டு மகள்களே என்பதால், பட்டம் மகளுக்குப் போகலாம் என்ற சிறப்பு ஏற்பாடு இருந்தது. 1979இல் மூத்த மகள் பட்ரீசியாவுக்கு அது கிடைத்தது.

இவை விலக்குகள். விதி இன்னும் அப்படியே இருக்கிறது. 2016இல் வெஸ்ட்மின்ஸ்டர் டியூக் இறந்தபோது பட்டம் 25 வயது மகன் ஹியூ க்ராவ்னருக்கு வந்தது. அவருக்கு இரண்டு அக்காமார் உண்டு.

கேள்வி: பிரபுப் பட்டம் அரசியலில் உயர உதவுமா, தடையா?

பதில்: பதினெட்டாம் நூற்றாண்டில் ஏணி, இருபதாம் நூற்றாண்டில் பூட்டு.

அன்று பட்டம் வந்தால் பிரபுக்கள் சபைக்குப் போயாக வேண்டியிருந்தது. மக்கள் தேர்ந்தெடுக்கும் சபையில் இருக்க முடியவில்லை. சர்ச்சில் 1895 முதல் 1897 வரை மார்ல்பரோ டியூக் பட்டத்துக்கு அடுத்த வாரிசாக இருந்தார். அப்போதைய டியூக் அவருடைய பெரியப்பா மகன். அவருக்குப் பிள்ளை இல்லை. 1897இல் ஒரு பையன் பிறந்தான், சர்ச்சில் பிழைத்தார். 1940 மே மாதத்தில் பிரதமர் பதவிக்குப் போட்டியிருந்த ஹாலிஃபாக்ஸ் பிரபுவுக்கு எதிராகச் சொல்லப்பட்டவற்றுள் ஒன்று, அவர் பிரபுக்கள் சபையில் இருக்கிறார் என்பது.

இந்தப் பூட்டை உடைத்தவர் தொழிற்கட்சியின் டோனி பென். 1960இல் தந்தை இறந்ததும், வேண்டாம் என்று மறுத்தும், வைகவுன்ட் பட்டம் அவர் தலையில் விழுந்தது. எம்.பி. பதவி போயிற்று. அடுத்த ஆண்டு இடைத்தேர்தலில் நின்று வென்றார். தேர்தல் நீதிமன்றம் தோற்றவருக்கு இடத்தைக் கொடுத்தது. கடைசியில் 1963 ஜூலையில், விரும்பாதவர் பட்டத்தைத் துறக்கலாம் என்று சட்டம் வந்தது. பென் சட்டம் வந்த அன்றே துறந்தார். அதே சட்டத்தால் உடனடியாகப் பயனடைந்தவர், எதிர்முகாமைச் சேர்ந்த ஹியூம் பிரபு. அந்த அக்டோபரில் பிரதமரான அவர் பட்டத்தைத் துறந்து இடைத்தேர்தலில் நின்றார். சுமார் இரண்டு வாரம் பிரிட்டனின் பிரதமர் எந்தச் சபையிலும் உறுப்பினராக இல்லை.

கேள்வி: குடும்பத்தில் வாரிசே இல்லாமல் போனால்?

பதில்: வெளியிலிருந்து ஆள் எடுப்பார்கள். ஸ்வீடனின் கதை இதில் வினோதமானது. 1810இல் அரசர் பதின்மூன்றாம் கார்லுக்குக் குழந்தை இல்லை. தத்தெடுத்த வாரிசும் திடீரென்று இறந்துவிட்டார். மோர்னர் என்ற இளம் ராணுவ அதிகாரி பாரிஸுக்குப் போய், யாரையும் கேட்காமல், நெப்போலியனின் தளபதி பெர்னடோட்டிடம் எங்கள் நாட்டுக்கு வாரிசாக வருகிறீர்களா என்று கேட்டுவிட்டார். ஊர் திரும்பியதும் அதிகாரிக்குக் காவல். ஆனால் யோசனை ஒட்டிக்கொண்டது. ஆகஸ்டில் ஸ்வீடன் நாடாளுமன்றம் பெர்னடோட்டைத் தேர்ந்தெடுத்தது. பிரான்ஸின் போ நகரத்து வழக்கறிஞர் ஒருவரின் மகனான அவர், மதம் மாறி, 1818இல் மன்னரானார். இன்றைய மன்னர் கார்ல் குஸ்டாஃப் அவர் வழி வந்தவர்.

1905இல் ஸ்வீடனிலிருந்து பிரிந்த நார்வே, டென்மார்க் இளவரசர் கார்லை அழைத்தது. அவர் உடனே ஒப்புக்கொள்ளவில்லை. மக்களைக் கேளுங்கள் என்றார். நவம்பரில் வாக்கெடுப்பு நடந்தது. ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு ஓட்டு அவருக்குச் சாதகமாக விழுந்த பிறகே ஏழாம் ஹாகோனாக வந்தார்.

கேள்வி: மன்னராட்சி போன நாடுகளில் வாரிசு அரசியல் ஒழிந்துவிட்டதா?

பதில்: எங்கே ஒழிந்தது! கிரீஸில் பப்பாண்ட்ரேயு குடும்பத்தில் தாத்தா, தந்தை, மகன் மூவரும் பிரதமர்கள். இப்போதைய பிரதமர் கிரியாகோஸ் மிட்சோடாகிஸின் தந்தை 1990 முதல் 1993 வரை அதே நாற்காலியில் இருந்தவர். எஸ்தோனியாவில் 2021இல் பிரதமரான காயா காலாஸின் தந்தையும் பிரதமராக இருந்தவர். பிரான்ஸில் லு பென் தொடங்கிய கட்சி 2011இல் மகள் மரீன் கைக்குப் போனது. எல்லோரும் ஓட்டு வாங்கி வந்தவர்கள் என்பது வேறுபாடு. ஆனால் பெயரே பாதி விளம்பரம்.

இரண்டையும் பார்த்தவர் பல்கேரியாவின் சிமியோன். 1943இல் ஆறு வயதில் அரசரானவர். 1946இல் நாட்டை விட்டுப் போனவர். 2001இல் கட்சி தொடங்கித் தேர்தலில் வென்று, நான்கு ஆண்டுகள் பிரதமராக இருந்தார். பெயருக்கு வந்த ஓட்டு 2005இல் அவரைக் காப்பாற்றவில்லை.

கேள்வி: இப்போது எல்லா நாட்டிலும் பெண்ணுக்குச் சம உரிமை வந்துவிட்டதா?

பதில்: பரம்பரை மன்னராட்சி உள்ள பத்து ஐரோப்பிய நாடுகளில் ஏழில் வந்துவிட்டது. முதலில் ஸ்வீடன். 1979 மே மாதம் கார்ல் ஃபிலிப் பட்டத்து இளவரசராகப் பிறந்தார். 1980 ஜனவரி 1 அன்று புதுச் சட்டம் நடைமுறைக்கு வந்ததும், ஏழு மாதக் குழந்தையிடமிருந்து பட்டம் அக்கா விக்டோரியாவுக்குப் போனது. தந்தையான மன்னருக்கு இதில் வருத்தம், வெளிப்படையாகவே சொன்னார். நாடாளுமன்றம் மாற்றவில்லை. பிறகு நெதர்லாந்து, நார்வே, பெல்ஜியம், டென்மார்க், லக்சம்பர்க் வந்தன. பிரிட்டனுக்கு இது எளிதாக இருக்கவில்லை. அப்போது அரசரைப் பகிர்ந்துகொண்ட மற்ற 15 நாடுகளும் சம்மதிக்க வேண்டியிருந்தது. 2011 அக்டோபரில் பெர்த்தில் உடன்பாடு ஏற்பட்டும், சட்டம் 2015 மார்ச்சில்தான் நடைமுறைக்கு வந்தது. அதனால்தான் இளவரசி ஷார்லட், 2018இல் தம்பி லூயி பிறந்த பிறகும் தம் இடத்தில் நீடிக்கிறார். கத்தோலிக்கரை மணக்கலாம் என்ற தளர்வும் அதில் உண்டு. மன்னர் கத்தோலிக்கராக இருக்கக் கூடாது என்ற 1701ஆம் ஆண்டு விதி மட்டும் அசையவில்லை.

லிச்டென்ஸ்டைனில் இன்னும் ஆண்கள் மட்டும்தான். மொனாக்கோவிலும் ஸ்பெயினிலும் பெண் வரலாம், ஆனால் சகோதரன் இருந்தால் அவனே முதலில். 2014 டிசம்பரில் மொனாக்கோவில் பிறந்த இரட்டையரில் கேப்ரியெல்லா இரண்டு நிமிடம் மூத்தவர். பட்டத்து வாரிசு தம்பி ஜாக்.

ஸ்பெயினின் 1978ஆம் ஆண்டு அரசியலமைப்புச் சட்டத்தின் 57ஆம் பிரிவு ஆணுக்கு முன்னுரிமை தருகிறது. அதனால்தான் 2014இல் தந்தை விலகியபோது, மூத்த மகள் எலெனாவைத் தாண்டி ஃபெலிப்பே மன்னரானார். அவருக்கு இரண்டு மகள்களே என்பதால், மூத்தவரான லெயொனோர் 2023இல் 18 வயதானதும் அரசியலமைப்புக்கு உறுதிமொழி எடுத்து வாரிசாக நிற்கிறார். பிரிவைத் திருத்த வேண்டும் என்று பெரிய கட்சிகள் பல முறை சொல்லிவிட்டன. ஏன் செய்யவில்லை? மன்னராட்சி பற்றிய பகுதியைத் தொட்டால் இரு சபைகளிலும் மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு வேண்டும். உடனே நாடாளுமன்றத்தைக் கலைத்துத் தேர்தல் நடத்த வேண்டும். புதிய சபைகளும் மூன்றில் இரண்டு பங்கில் ஏற்க வேண்டும். கடைசியில் மக்கள் வாக்கெடுப்பு. அக்கா முதலா, தம்பி முதலா என்று வாக்குச்சீட்டில் கேட்டால், மன்னரே வேண்டுமா என்ற கேள்விக்கு மக்கள் பதில் எழுதிவிடுவார்கள் என்பது அரசியல்வாதிகளின் பயம்.

உங்கள் முதல் கேள்விக்கு இதைவிடத் தெளிவான பதில் என்னிடம் இல்லை. 1905இல் நார்வேயில் ஒரு இளவரசர் தாமாகவே மக்களைக் கேட்கச் சொன்னார். ஸ்பெயினில் யாரும் கேட்காமல் தள்ளிப்போடுகிறார்கள். முடிவு யார் கையில் இருக்கிறது என்பது இரண்டு இடத்திலும் தெரிந்தே இருக்கிறது.